ராயப்பன் காலண்டரில் ஞாயிறு கிடையாது

ஞாயிற்றுக்கிழமையை ஒழித்துக்கட்டுவது என்று ராயப்பன் முடிவு செய்தார். ஊரில் அவனவன் எதையெதையோ ஒழிக்கக் கிளம்புகிறான். ராயப்பன் அடக்கமான மனிதர், ஒரு கிழமையோடு நிறுத்திக்கொண்டார்.

எல்லாம் மச்சானால் வந்தது. மனைவி ஞானகுமாரியின் அண்ணன் இக்னேஷியஸ் பட்டாபிராமில் மனை வாங்கி வீடு கட்ட ஆரம்பித்தாலும் ஆரம்பித்தார், ராயப்பனின் லீவு நாளுக்குக் கேடு வந்தது. அம்பத்தூர் சர்ச்சில் காலைப் பூசை முடிந்த கையோடு ரயிலேற வேண்டும். போய் இறங்கினால், "வாங்க மாப்ளே" என்று வாய் நிறையச் சிரித்தபடி மச்சான் கையில் தண்ணீர் ஓஸைத் திணிப்பார். புதுச் சுவர் காயக்கூடாதாம். தொழிற்பேட்டைக் கம்பெனியில் ஸ்டோர்ஸ் கிளார்க், தன் கையெழுத்துக்காக நாலு பேரை நிற்க வைக்கிற மனிதர், சாயங்காலம் வரை சுவரைக் குளிப்பாட்டுவார். வர முடியாது என்று சொல்ல வேண்டியதுதானே என்பீர்கள். ஞானகுமாரியிடம் நீங்கள் சொல்லிப் பாருங்கள்.

இந்த நேரத்தில்தான் ஒரு வாரப் பத்திரிகை, விந்தை உலகத் தொடர்கதைப் போட்டி என்று அறிவித்தது. ராயப்பனுக்குள் அதுவரை குறட்டை விட்டுக்கொண்டிருந்த எழுத்தாளர் எழுந்து உட்கார்ந்தார். இரண்டு சூரியன்கள் உள்ள உலகம். ஒருவன் பெரியவன், இன்னொருவன் சின்னவன். கதை கிடக்கட்டும், முதலில் அந்த உலகத்துக்கு ஒரு காலண்டர் வேண்டும். பெரியவன் ஒழுங்காகத் தினமும் வருவான். சின்னவன் இஷ்டத்துக்கு வருவான், இஷ்டத்துக்குப் போவான். இரண்டு பேரும் ஒன்றாக அஸ்தமிக்கிற நாள் மட்டும்தான் விடுமுறை. அது எப்போது வரும் என்று ராயப்பன் கணக்குப் போட்டுப் பார்த்தார். மச்சான் வீடு கட்டி முடிக்கிற வரைக்கும் வராது. கணக்கு அவருக்கு ரொம்பப் பிடித்திருந்தது.

பெரிய அட்டையில் வரைந்து, சுவரில் இருந்த தினசரி காலண்டரின் மேலேயே மாட்டினார்.

"எழுத்தாளன்னா அவன் ஒலகத்துல மொதல்ல அவன் வாழ்ந்து பாக்கணும் குமாரி. நாளையிலேர்ந்து இந்த ஊட்ல இதான் காலண்டரு."

கம்பெனிக்கு மட்டும் விலக்கு. மேனேஜருக்கு அவ்வளவு கற்பனை போதாது.

ஞானகுமாரி புளி கரைத்த கையோடு வந்து பார்த்தாள். "இதுல ஞாயித்துக்கெழம எங்க கீது?"

"அங்க அதெல்லாம் கெடையாது மே."

"சரிங்க" என்று சொல்லிவிட்டு உள்ளே போனாள். சண்டை போடாமல் பெண்டாட்டி சரி என்றால் விவரமானவன் நடுங்குவான். ராயப்பன் விசிலடித்தார்.

அந்த ஞாயிற்றுக்கிழமை விடிவதற்கு முன்பே அவரை உலுக்கி எழுப்பினாள். உங்கள் காலண்டரில் இன்றைக்கு வேலை நாளாச்சே, எழுந்து தண்ணீர் அடியுங்கள் என்றாள். வீட்டில் இருந்த குடம், அண்டா, பக்கெட் எல்லாம் அடிபம்பு வாசலுக்கு வந்துவிட்டன. அவர் தோள்பட்டை கழன்றதும் அவள் புதுப்புடவை கட்டிக்கொண்டு பூசைக்குப் போய், அப்படியே பட்டாபிராம் ரயிலையும் பிடித்தாள். ராயப்பன் ஆசையாக அடுப்பங்கரையை எட்டிப் பார்த்தார். அங்கே அவருடைய கம்பெனி டிபன் பாக்ஸ் இருந்தது. எலுமிச்சம் சோறு, ஒரு துண்டு ஊறுகாய். தெரு முழுக்கக் கறிக்குழம்பு மணந்தது. பக்கத்து வீட்டுக் கஜபதியின் குக்கர் வேறு இவரைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவது போல விசிலடித்தது.

மறுவாரம் ராயப்பன் ஒரு திருத்தம் கொண்டுவந்தார். இரண்டு சூரியன் இருப்பதால் அங்கே இரண்டு உச்சிவேளை. இரண்டு மத்தியானச் சாப்பாடு. இரண்டாவதில் கட்டாயம் கறி. ஞானகுமாரி கவனமாகக் கேட்டாள். நியாயம்தான், ஆனால் இரண்டு மத்தியானம் என்றால் இரண்டு விடியலும் இருக்க வேண்டுமே என்றாள். அன்று முதல் தண்ணீர் இரண்டு வேளை அடிக்க வேண்டியதாயிற்று.

"கறி எங்க மே?" என்றார் ராயப்பன், இரண்டாம் மத்தியானம்.

"அந்த ஒலகத்துல ஆடு கீதுன்னு நீங்க எங்கயும் எழுதலியேங்க."

அட்டையைக் கழற்றி எறிந்துவிடலாம். ஆனால் தெரு முழுக்கப் பீற்றிக்கொண்டாகிவிட்டதே. கஜபதி வேறு தினமும், "அண்ணாத்தே, இன்னிக்கு இன்னா நாளு?" என்று கேட்டுவிட்டுப் பதிலுக்குக்கூட நிற்காமல் சிரித்துக்கொண்டே போனான். ராயப்பனுக்கு அழுகையே வந்தது.

மூன்றாவது ஞாயிறு இருட்டும் நேரத்தில் ஞானகுமாரி வெற்றிலை மென்றுகொண்டே திரும்பினாள். அண்ணன் வீட்டில் கான்கிரீட் போட்டார்களாம். கான்கிரீட் போடுகிற நாளில் வேலையாட்களுக்குப் பிரியாணி போடாமல் இருக்க முடியுமா, அண்டா அண்டாவாக மட்டன் பிரியாணியாம்.

ராயப்பன் எச்சிலை விழுங்கினார். "அப்ப அந்த செவுத்துக்குத் தண்ணி ஊத்தற வேல?"

"அது எப்பவோ முடிஞ்சிப்போச்சி. இனிமே எந்தச் செவுத்துக்கு ஊத்தறது?" வெற்றிலையை ஓரம் ஒதுக்கினாள். "வர்ற ஞாயித்துக்கெழமயும் பிரியாணிதான்னு அண்ணி சொன்னாங்க. மாப்ள ஏன் வரலன்னு அண்ணன் கேட்டாரு. அவருக்குத்தான் ஞாயித்துக்கெழமையே கெடையாதேன்னு சொல்லிட்டேன்."

அந்த வாரம் வானத்தில் ஒரு அதிசயம் நடந்தது. ராயப்பன் சிவப்புப் பென்சிலை எடுத்து அட்டையில் அங்கங்கே அழித்தார், எழுதினார், தொண்டையைக் கனைத்தார்.

"சின்னவன் கொஞ்சம் வேகமா ஓடிட்டான் குமாரி. ரெண்டு பேரும் ஒண்ணா எறங்கறது இந்த வாரக் கடசியிலதான். பெரிய பண்டிக. சொந்தக்காரங்க ஊட்டுக்குப் போயே ஆவணும்."

"பண்டிகன்னா போய்த்தானேங்க ஆவணும்" என்றாள் ஞானகுமாரி. முகத்தில் ஒரு சிரிப்பு கிடையாது.

பட்டாபிராம் தெருமுனையிலேயே பிரியாணி மணந்தது. ராயப்பன் ஓட்டமும் நடையுமாகப் போனார். "வாங்க மாப்ளே" என்று மச்சான் வாய் நிறையச் சிரித்தார். தோளில் கை போட்டு, அடுப்பங்கரைப் பக்கம் அல்ல, ஏணிப் பக்கம் கூட்டிக்கொண்டு போனார். மேலே புதுத் தளம். பாத்தி கட்டித் தண்ணீர் தேக்க வேண்டுமாம். ஓஸ் மாடிக்கு எட்டாதாம். குடத்தில்தான் தூக்கியாக வேண்டுமாம்.

ராயப்பன் ஏணியில் நின்று கீழே பார்த்தார். "செவுத்து வேல முடிஞ்சிப்போச்சின்னியே மே."

"செவுரு முடிஞ்சிப்போச்சிங்க. இது தளம்."

பன்னிரண்டாவது குடமோ பதின்மூன்றாவது குடமோ, எண்ணவும் தெம்பில்லை. மொட்டைத் தளத்தில் ஒரு பொட்டு நிழல் கிடையாது. தலையில் துண்டைப் போட்டுக்கொண்டு, "இன்னா வெயிலு மே, மண்ட பொளக்குது" என்று முனகினார்.

கீழே வேப்பமரத்தடியில் ஞானகுமாரி நல்லி எலும்பை உறிஞ்சி முடித்துவிட்டு நிமிர்ந்து சூரியனைப் பார்த்தாள்.

"ஒண்ணே ஒண்ணுதானேங்க அடிக்குது."