ஓட்டைக்காசு அண்ணையும் பச்சைக் களிம்பும்

சீன தேசம் முழுவதையும் ஒரு சதுர ஓட்டைக்குள்ளால் பார்த்து முடித்த தமிழர் உலகத்தில் ஒருவர்தான் உண்டு. கனடாவில் மொன்றியலை ஒட்டிய லவாலில், நான் குடியிருந்த வீட்டின் சொந்தக்காரர். பழைய சீனக் காசுகளைச் சேர்ப்பவர் என்பதால் ஊரே அவரை ஓட்டைக்காசு அண்ணை என்றது. டாக்டர் பட்டம் கிடைத்தவர் போல அவரும் அதைத் தலைநிமிர்ந்து ஏற்றுக்கொண்டார்.

சென்னையிலிருந்து கம்ப்யூட்டர் வேலைக்குப் போயிருந்த என்னைக் கண்டதும் பாடம் தொடங்கிவிட்டது. டெப்பனர் என்ற மூலைக்கடையில் பால் வாங்க வரிசையில் நின்றாலும் விடமாட்டார்.

"சிச்சுவான் பக்கம் செம்பு காணாமல் இரும்பில காசு வார்த்தவை தம்பி. உப்பு வாங்கப் போனால் உப்பை விடக் காசு பாரம்!"

பின்னால் நின்ற அம்மையார் நாங்கள் சண்டை போடுகிறோம் என்று நினைத்துத் தள்ளி நின்றார். வீட்டில் அண்ணை வாயைத் திறந்தால் அக்கா, அதாவது அவர் மனைவி, வெங்காயம் வெட்டப் போய்விடுவார்.

அண்ணையிடம் ஒரே சட்டம்: பழைய காசைக் கழுவக்கூடாது. கைக்குட்டையால் ஒரு காசைத் துடைத்த விருந்தாளிக்குத் தேநீர்கூடக் கொடுக்காமல் அனுப்பியிருக்கிறார்.

ஒரு காசைப் பற்றிப் பேசும்போது மட்டும் குரல் தாழும். சொங் அரசர்கள் காலத்துச் செப்புக் காசு. செம்பு நாட்டை விட்டுப் போகக்கூடாது என்று அரசர்கள் தடை போட்டும், வணிகர்கள் முத்துக்கும் மிளகுக்குமாகக் கப்பலில் கடத்தியது. அதைத் திருகோணமலைக் கடற்கரையில் கண்டெடுத்தவர் அண்ணையின் தம்பி. அந்தத் தம்பி போரில் காணாமல் போனார்.

"மரண அறிவித்தல் போட அம்மா விடேல்லை. பிள்ளை வருவான் எண்டவா. அவன்ர பேர் ஒரு பேப்பரிலயும் வரேல்லை தம்பி."

நான் அங்கே இருந்த ஜனவரியில் அந்தப் பெயர் அச்சில் வரப்போகிறது என்று நம்பினார். மொன்றியலுக்கு ஆற்றின் அக்கரையில் உள்ள லொங்குய்யில் நாணயச் சேகரிப்பாளர் சங்கத்தின் கண்காட்சி. காசுக்குப் பக்கத்தில் கண்டெடுத்தவர் பெயரை அச்சடித்து வைப்பார்கள். ஆனால் எடுத்த இடத்தின் அடையாளம் காசிலேயே இருக்க வேண்டும். இருந்தது. பச்சைக் களிம்பும், அதில் இறுகிப்போன கடல் மணலும்.

பொங்கலுக்காகக் குத்துவிளக்கைப் புளி போட்டு விளக்கிய அக்கா, அந்தக் காசையும் சேர்த்து விளக்கிவிட்டார்.

"நாலு சனம் பாக்கிற சாமான். பாசி பிடிச்சுக் கிடந்தால் தம்பியின்ர பேருக்கு மரியாதையே?"

தட்டில் காசு தங்கம் போல மின்னியது. பூகம்பத்தை எதிர்பார்த்து நான் கதவருகே ஒதுங்கினேன். அண்ணை வெகுநேரம் பார்த்தார். பிறகு, "பால் பொங்கிட்டுதோ?" என்று மட்டும் கேட்டார்.

ஆனாலும் மூவரும் மெட்ரோவில் லொங்குய் போனோம். சங்கத்துப் பெரியவர் பூதக்கண்ணாடியில் பார்த்துவிட்டு, உண்மையான காசுதான் என்று பிரெஞ்சில் சொன்னார். ஆனால் எங்கே கிடைத்தது என்று இனிச் சொல்ல முடியாது, பெயர் அட்டை வைப்பதற்கில்லை என்றார். பிறகு, யார் இதைக் கழுவியது என்று கேட்டார். பிரெஞ்சு தெரியாத அக்கா, பாராட்டு என்று எண்ணிப் புன்னகைத்தார்.

"நான்தான்," என்றார் அண்ணை, பிரெஞ்சில். "தெரியாமல் செய்துவிட்டேன்."

அவரிடம் வருடக்கணக்காகக் கழுவாதே பாடம் கேட்டவர்கள் அங்கே நின்றார்கள். ஒருவர் வாய்விட்டுச் சிரித்தார். அலுவலகம் கட்டாயப்படுத்தி அனுப்பிய பிரெஞ்சு வகுப்பை அன்று ஒரு நாள்தான் நான் சபிக்கவில்லை.

வெளியே பனி கொட்டியது. "என்னவாம்?" என்றார் அக்கா.

"காசு நல்ல வடிவாம். வைக்கத்தான் இடம் காணாதாம்."

"நான் மினுக்கினபடியாத்தானே வடிவு!"

"ஓம்," என்றார் அண்ணை.

அக்கா சென்ற ஆண்டு காலமானார். அதனால்தான் இதை இப்போது எழுத முடிகிறது. அண்ணை இன்னும் லவாலில்தான் இருக்கிறார், இது அச்சாகும் இந்தப் பத்திரிகையை அவருக்கு அனுப்பி வைப்பேன்.

சொங் காலச் செப்புக் காசு. கண்டெடுத்தவர்: யோகநாதன், திருகோணமலை.

அண்ணை, பேப்பரில வந்திட்டுது.