டீவிக்குள் குடியிருந்த ராசாத்தி

வீடு கட்டப் போய்க் கெட்டுப்போனவர்கள் யாழ்ப்பாணத்தில் எத்தனையோ பேர் இருக்கிறார்கள். ஒரு சிலந்திக்கு வீடு கட்டப் போய்க் கெட்டுப்போகப் பார்த்தவர் எங்கள் பொட்டணி மாஸ்டர் ஒருவர்தான்.

அவருக்குத் தாய் தகப்பன் வைத்த பெயர் ஒன்று இருந்திருக்கும். நல்லூரில் எவருக்கும் அது தெரியாது. டியூட்டறியில் தாவரவியல் படிப்பித்தபடியால் பொட்டணி மாஸ்டர், அவ்வளவுதான். மணியக்கா வீட்டின் முன்னறையில் அவர் வாடகைக்கு இருந்தார், பக்கத்து அறையில் நான். நான் அப்போது சங்கக்கடை மனேஜர். சீனி இல்லை, மண்ணெண்ணெய் இல்லை என்று நாள் முழுக்கச் சனத்திடம் ஏச்சு வாங்கிவிட்டு வருகிற மனுசனுக்கு வீட்டில் கொஞ்சம் நிம்மதி வேண்டாமா? அதைத்தான் இந்த ஆள் கெடுத்தார்.

எல்லாம் பங்கரால் வந்த வினை. குண்டு போடுகிற பொம்பர் விமானம் வந்தால் ஒளிவதற்கு வளவுக்குள் கிடங்கு வெட்டி, மேலே மூடுவதற்குப் பனங்குற்றிகள் கொண்டுவந்து இறக்கியிருந்தோம். ஒரு குற்றியைக் கோடாலியால் கொத்தியபோது அதன் பொந்துக்குள்ளிருந்து ஒரு சிலந்தி வெளியே வந்தது. சிலந்தி என்று நான் சொல்வது உங்கள் வீட்டுச் சுவரில் இருக்கிற சிலந்தி அல்ல. விரித்த கை அகலம். உடம்பு முழுக்க மயிர், காலெல்லாம் பட்டை பட்டையாகக் கோடு. நான் கிணற்றுக்கட்டில் ஏறி நின்றேன். எப்படி ஏறினேன் என்று இன்றைக்கும் எனக்குத் தெரியாது.

மாஸ்டர் அதற்கு முன்னால் குந்தி இருந்தார்.

"ஐசே, இறங்கி வந்து பாரும். என்ன வடிவு!"

"மாஸ்டர், உது கடிக்கும்! எழும்புங்கோ!"

"அதின்ரை வீட்டைக் கொத்தினது நாங்கள். கடிக்கத்தான் வேணும். ஆனாக் கடிக்கேல்லைப் பாத்தீரோ? நல்ல குணமான பிள்ளை."

வீட்டைக் கொத்தியவர்கள்தான் வேறு வீடு கொடுக்க வேண்டும் என்பது அவருடைய சட்டம். அதற்கு ராசாத்தி என்று பெயரும் வைத்து, ஒரு பழைய பால்மா டின்னுக்குள் குடிவைத்தார். மூடியில் ஆணியால் நாலு ஓட்டை. ஆணி அடித்த அடியில் மூடி நெளிந்துபோனதை அந்த மனுசன் கவனிக்கவில்லை.

இரண்டொரு நாளில் பொம்பர் வந்தது. எல்லோரும் பங்கருக்குள் பாய்ந்தோம். மணியக்கா, நான், பக்கத்து வீட்டுக் குடும்பம். கடைசியாக மாஸ்டர், கையில் டின்.

"உதையும் ஏன் கொண்டு வந்தனீங்கள்?" என்று மணியக்கா கேட்டார்.

"அதுக்கும் உயிர்தானேயக்கா."

முதல் குண்டு எங்கோ தூரத்தில் விழுந்தது. நிலம் அதிர்ந்தது. டின் மூடி கழன்று என் மடியில் விழுந்தது. மூடி மட்டும்தான் விழுந்ததா என்று இருட்டில் யாருக்குத் தெரியும்? "ஐயோ முருகா!" என்று யாரோ குழற, அடுத்த கணம் எல்லோரும் வெளியே நின்றோம். தலைக்கு மேலே பொம்பர் சுற்றுகிறது, பங்கருக்குள்ளே ஒரு சிலந்தி தனியாகப் பாதுகாப்பாக இருக்கிறது. மாமரத்துக்குக் கீழே படுத்துக்கிடந்தபடி மணியக்கா பேசிய பேச்சில், அந்தப் பொம்பர்காரனுக்கே காது கேட்டிருந்தால் திரும்பிப் போயிருப்பான்.

அன்று பின்னேரம் மணியக்கா தீர்ப்புச் சொன்னார். "மாஸ்டர், நல்லூர்க் கோயிலிலை கொடியேற முன்னம் உந்தக் கோதாரிக்கு ஒரு ஒழுங்கான கூடு செய்யுங்கோ. இல்லாட்டி சூவோலொஜி மாஸ்டரிட்டைக் குடுத்துவிடுறன்."

சூவோலொஜி மாஸ்டர் அதே டியூட்டறியில் விலங்கியல் படிப்பித்தவர். செடி பெரிதா, மிருகம் பெரிதா என்று பொட்டணி மாஸ்டரோடு சண்டை பிடிப்பதற்கென்றே வாரத்தில் நாலு நாள் எங்கள் வீட்டுக்கு வருவார், தேத்தண்ணீரும் குடிப்பார். அவரிடம் மருந்துத் தண்ணீருக்குள் ஊறிய தவளை இருந்தது, பாம்பு இருந்தது, ஓணான் இருந்தது. இப்படி ஒரு சிலந்தி இல்லை. தீர்ப்பைக் கேட்டவுடன் வீட்டுக்குப் போய் ஒரு வெறும் போத்திலைக் கழுவிக் காயவைத்துவிட்டார்.

பொட்டணி மாஸ்டர் முதலில் ஒரு கிளிக்கூடு இரவல் வாங்கி வந்தார். ராசாத்தி கம்பிக்கு இடையால் காலை ஒவ்வொன்றாக வெளியே எடுத்து, மிச்ச உடம்பையும் இழுத்துக்கொண்டு, கொடியில் காய்ந்த என் சேட்டுப் பொக்கெற்றுக்குள் போய் இருந்தது. நல்ல சேட்டு. அதற்குப் பிறகு நான் அதைப் போடவே இல்லை.

கொடியேற்றம் நெருங்கியது. ஊரில் பலகை இல்லை, எல்லாம் பங்கருக்குப் போய்விட்டது. கண்ணாடி அறவே இல்லை, இருந்த யன்னல்கள் எல்லாம் குண்டுச் சத்தத்தில் நொறுங்கிவிட்டன. ஒரு காலை நான் எழும்பி வந்தபோது மாஸ்டர் நிலத்தில் இருந்து, தான் பட்டம் வாங்கிய படத்தைச் சட்டத்திலிருந்து கழற்றிக்கொண்டிருந்தார். கறுப்பு அங்கியும் கையில் சுருளுமாக நிற்கிற படம். அவருடைய அறையில் இருந்த ஒரே அலங்காரம் அதுதான்.

மணியக்கா வாசலில் நின்று பார்த்தார். "பட்டம் வாங்கின படத்தையோ மாஸ்டர் உடைக்கிறியள்?"

"கண்ணாடி இல்லாட்டியும் படம் படம்தானேயக்கா. ராசாத்திக்குக் கண்ணாடி இல்லாட்டி போத்தில்."

மணியக்கா திரும்பி விறாந்தைக்குப் போனார். அங்கே ஒரு டீவி இருந்தது, ஜேர்மனியிலிருந்து மகன் காசு அனுப்பி வாங்கிக்கொடுத்தது. வாங்கிக் கொஞ்ச நாளில் ஊரில் கறண்ட் போனது, போனது போனதுதான். ஆனாலும் மணியக்கா தினமும் அதைத் துடைப்பார், தானே பின்னிய வெள்ளைத் துணியால் மூடுவார், பின்னேரம் பழக்கதோசத்தில் அதற்கு முன்னால் கதிரை போட்டு இருப்பார். அந்தத் துணியை இழுத்து எடுத்தார்.

"இந்தாங்கோ. நீங்கள் உங்கடை படத்தையே கழட்டுறியள். நான் உந்தப் பேசாத பெட்டியையோ கட்டிப்பிடிச்சுக்கொண்டு இருக்கிறது? கறண்ட் வரேக்கை என்ரை பொடியன் வேறை வாங்கித் தருவான்."

சங்கக்கடை மனேஜரான நான் அன்று ஸ்க்ரூட்றைவரோடு வேலையாளானேன். உள்ளே இருந்த கண்ணாடிக் குழாயை மூச்சுவிடாமல் தூக்கிக்கொண்டுபோய் வீட்டுக்குப் பின்னால் கோடிக்குள் வைத்தோம். திரை இருந்த இடத்தில் பட்டப்படத்தின் கண்ணாடி, அளவுக்கு வெட்டிப் பொருத்தியது. பின்பக்க மூடியில் காற்றுப்போக வரிவரியாக ஏற்கெனவே வெட்டு இருந்தது. ஸ்பீக்கர் இருந்த மூலையில் தீன் போட ஒரு சின்னக் கதவு, அதற்கொரு கொளுக்கி. அப்பாடா என்று இருந்தேன். அப்போதுதான் மாஸ்டர் தன் தாவரவியலைக் காட்டினார். உள்ளே அரைப் பெட்டிக்கு மண் நிரப்பி, குரோட்டன் நட்டு, காலையும் மாலையும் தண்ணீர் ஊற்றினார். ராசாத்தி ஈரத்துக்குப் பயந்து கூரையில் தலைகீழாகத் தொங்கியது.

சூவோலொஜி மாஸ்டர் வந்து பார்த்துவிட்டு வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். "ஐசே, சிலந்திக்கு வீடு கட்டினீரோ, நாத்துமேடை போட்டீரோ? உது மரப்பொந்திலை இருக்கிற சாதி. உயரம் வேணும், உள்ளை ஒளிக்க இடம் வேணும், ஈரம் கொஞ்சம் போதும்!"

சொல்லிவிட்டுத்தான், போத்திலுக்கு வரவேண்டியதற்குத் தானே உயிர் கொடுத்துவிட்டதை யோசித்தார். முகம் சுருங்கிப்போனது.

பொட்டணி மாஸ்டர் உடனே டீவியைப் பக்கவாட்டில் நிமிர்த்தி நிறுத்தினார். குரோட்டன் வெளியே போனது. அடியில் காய்ந்த தென்னந்தும்பு, ஒரு சிரட்டையில் தண்ணீர், நடுவில் ராசாத்தி பிறந்த அதே பனங்குற்றியின் பொந்துத் துண்டு, செங்குத்தாக. ராசாத்தி மெல்ல இறங்கி வந்தது, பொந்தைத் தடவிப் பார்த்தது, உள்ளே போய் இரண்டு காலை மட்டும் வெளியே நீட்டிக்கொண்டு இருந்தது. மாஸ்டருக்குக் கண் கலங்கிவிட்டது. மறுநாள் கொடியேற்றம்.

அதற்குப் பிறகு ஊரிலேயே கறண்ட் இல்லாமல் டீவி ஓடிய ஒரே வீடு எங்களுடையது. பின்னேரமானால் வாசலில் சைக்கிள் நிற்கும். "அக்கா, இண்டைக்கு என்ன புறோகிறாம்?" என்று கேட்டுக்கொண்டு ஆட்கள் வருவார்கள். மணியக்கா முன்வரிசைக் கதிரையில். பெட்டி நிமிர்ந்து நிற்பதால் கழுத்தைச் சரித்துக்கொண்டுதான் பார்ப்பார். நேராகவே பார்க்கலாம் என்று நான் எத்தனை தரம் சொல்லியும் கேட்கவில்லை.

ஆனால் அதோடு அடுத்த பிரச்சினை கிளம்பியது. கோயிலில் கொடியேறினால், திருவிழாவின் கடைசியில் வரும் தீர்த்தம் முடியும்வரை மணியக்கா வீட்டில் மச்சம் இல்லை. மீன் இல்லை, முட்டை இல்லை, மச்சம் சமைத்த சட்டிகூட வீட்டுக்குள் இல்லை.

"அக்கா, கரப்பொத்தான் மச்சமோ?" என்று மாஸ்டர் பயந்து பயந்து கேட்டார்.

"கால் இருக்கோ?"

"இருக்கு."

"அப்ப மச்சம்."

மாஸ்டர் நீர்வேலிக் கதலிப்பழத்தை நறுக்கி உள்ளே வைத்தார். ராசாத்தி திரும்பியும் பார்க்கவில்லை. மணியக்கா கோயிலுக்குப் போன நேரம் பார்த்துக் களவாக ஒரு கொழுத்த கரப்பொத்தானை விட்டார். கரப்பொத்தான் ராசாத்தியின் காலுக்கு மேலால் உலாவித் திரிந்தது. அதையும் தொடவில்லை.

விசயம் மணியக்காவுக்குத் தெரிந்தது. ஏசுவார் என்று பார்த்தால், கைகூப்பினார். "மச்சத்தை முன்னாலை கொண்டுபோய் விட்டும் தொடேல்லையே! விரதமெல்லே பிடிக்குது!"

அவ்வளவுதான், கதை வீதி முழுக்கப் போனது. கோயிலால் திரும்புகிற பெண்கள் எல்லாம் எங்கள் வீட்டுக்கும் வந்து போனார்கள். டீவிக்கு மேலே யாரோ மூன்று குறி விபூதி பூசினார்கள். சங்கக்கடையில் என்னிடம் சீனி கேட்ட ஒருத்தி, "உங்கடை வீட்டுச் சிலந்திக்கு இருக்கிற பக்தி உங்களுக்கு இருந்தால் சீனியிலை எடை குறையுமோ?" என்று கேட்டாள்.

மாஸ்டர் மட்டும் மெலிந்துகொண்டே போனார். "விரதமில்லை ஐசே. அது சாகப்போகுது. என்ரை கூட்டிலைதான் ஏதோ பிழை." ராசாத்தி மினுக்கம் குறைந்து, அசைவில்லாமல் இருந்தது. அவர் பாடம் எடுக்கப் போவதையே விட்டுவிட்டார்.

தேரன்று காலை ராசாத்தி மல்லாந்து கிடந்தது. எட்டுக் காலும் மேலே. மாஸ்டர் கண்ணாடியில் நெற்றியை வைத்துக்கொண்டு விக்கி விக்கி அழுதார். நானும் அவருக்குப் பக்கத்தில் போய்க் குந்தினேன், என் சேட்டை நாசமாக்கியது என்றாலும்.

செய்தி அறிந்து சூவோலொஜி மாஸ்டர் வேட்டியும் போத்திலுமாக ஓடிவந்தார். "அழாதையும் ஐசே. போனது போட்டுது. இப்பவே மருந்துக்குள்ளை போட்டால் எண்டைக்கும் பழுதாகாமல் இருக்கும். நீரும் வந்து பாக்கலாம்." நல்ல மனதோடுதான் சொன்னார். பொட்டணி மாஸ்டர் தலையை ஆட்டினார். கொளுக்கியில் கையையும் வைத்துவிட்டார்.

அந்நேரம் தேர் பார்த்துவிட்டு மணியக்கா உள்ளே வந்தார். "என்ன நடக்குது இஞ்சை?"

"செத்த சிலந்தியைப் போத்திலிலை போடப்போறம், அக்கா" என்றார் சூவோலொஜி மாஸ்டர்.

"இந்த வீட்டுக்கையோ? தீர்த்தம் முடியாமல் மச்சம் ஊறப்போட நான் விடன்!"

"அக்கா, இது மச்சமில்லை, படிப்புக்கான சாமான்!"

"கால் இருக்கோ, இல்லையோ?"

சூவோலொஜி மாஸ்டர் எட்டுக் காலையும் பார்த்தார். போத்திலைத் தூக்கிக்கொண்டு வீட்டுக்குப் போனார்.

மறுநாள் தீர்த்தம். விடியக் காலையில் மாஸ்டர் போட்ட சத்தத்தில் பொம்பர்தான் வந்துவிட்டது என்று நான் பங்கருக்குள் குதித்துவிட்டேன். "ஐசே! ரெண்டு! ரெண்டு ராசாத்தி!" ஏறி வந்து பார்த்தேன். அடியில் ஒன்று சுருண்டு கிடந்தது. பொந்துக்கு மேலே இன்னொன்று, முன்னையதைவிடப் பெரிதாக, பட்டைகள் புதுப் பட்டுச்சேலை மாதிரி மினுங்க, நன்றாக உயிரோடு இருந்தது.

சூவோலொஜி மாஸ்டர் வந்து நிறைய நேரம் குனிந்து பார்த்தார். "தோல் கழட்டியிருக்கு. அதுக்குத்தான் சாப்பிடாமல் கிடந்திருக்கு. எனக்கு நேற்றே ஒரு சந்தேகம்."

"நேற்று உம்மடை சந்தேகம் போத்திலோடையெல்லே வந்தது!" என்றேன். மனுசன் வெட்கத்தில் சிரித்துவிட்டு, கழற்றிய தோலைப் பவ்வியமாகப் போத்திலுக்குள் வைத்துக் கொண்டுபோனார். தீர்த்தம் முடிந்த அடுத்த நாள், முதல் கரப்பொத்தானைத் துரத்திப் பிடித்தது யார் தெரியுமா? மணியக்கா.

அடுத்த வருடம் ஐப்பசி. ஆமி நெருங்கி வந்தபடியால் ஊர் முழுக்க ஒரேயடியாக வெளிக்கிட்டுத் தென்மராட்சிப் பக்கம் போகவேண்டி வந்தது. கொட்டுகிற மழை. நாவற்குழிப் பாலத்தடியில் அடிமேல் அடி வைக்கிற சனம். பொட்டணி மாஸ்டர் சைக்கிளை உருட்டிக்கொண்டு போனார், கரியரில் டீவி. அதற்கு மேலே மணியக்காவின் வெள்ளைத் துணி, அதற்கு மேலே மணியக்காவின் ஒரே குடை. மணியக்கா நனைந்துகொண்டு பக்கத்தில் நடந்தார்.

"உயிரைக் காப்பாத்த ஓடுற நேரத்திலை டீவியோ கேக்குது? விசர் மனுசன்!" என்று ஒருவர் கத்தினார்.

மாஸ்டர் கோபிக்கவில்லை. "தம்பி, உள்ளை ஆள் இருக்கு" என்றார்.

நான் பின்னால் நின்று டீவி சரியாமல் பிடித்துக்கொண்டு, இந்த மனுசனோடு சேர்ந்த என் தலைவிதியைத் திட்டிக்கொண்டே நடந்தேன். கைதடி தாண்டி ஒரு மரத்தடியில் நின்றபோது, "தம்பி, உம்மடை சூட்கேஸ் எங்கை?" என்று மணியக்கா கேட்டார். அப்போதுதான் பார்த்தேன். அதை நல்லூரிலேயே விட்டுவிட்டு வந்திருந்தேன். டீவியைப் பிடிக்க எனக்கு இரண்டு கையும் வேண்டியிருந்தது.