துத்தநாக விரலால் போன சம்பந்தம்

பிள்ளைப்பாக்கம்,
புதன்கிழமை.

மதிப்புக்குரிய மச்சான் ராஜசேகர் அவர்களுக்கு, தசரதன் வணக்கத்தோடு எழுதுவது. இங்கு நானும் உங்கள் தங்கை கனகமும் சுகம் என்று வழக்கத்துக்கு எழுதுகிறேன். உண்மையில் ஞாயிற்றுக்கிழமையிலிருந்து எனக்குச் சோறு இறங்கவில்லை. நீங்கள் போனை எடுக்காததால் கடிதம்.

நம் பெண் மஞ்சுளாவுக்கு வல்லம் வடகாலிலிருந்து ஒரு வரன் வந்ததல்லவா, பையனின் அம்மா கிளியம்மாள், பெண்ணுக்கு என்ன வேலை என்று கேட்க, நான் பெருமை தாங்காமல் "துத்தநாக விரல் ஆராய்ச்சி" என்று சொல்லித் தொலைத்தேன். நம் பக்கம் விரல் என்றாலே கம்பெனிகளில் விரலை நறுக்கிவிடும் பிரஸ் மெஷின்தானே ஞாபகம் வரும், பெண்ணுக்கு விரல் போய் உலோகத்தில் வைத்திருக்கிறது என்று அந்த அம்மாள் முடிவுகட்டி, ஞாயிற்றுக்கிழமை பெண் பார்க்க வந்த இடத்தில் காபி வாங்கும் சாக்கில் பத்து விரலையும் எண்ணி, அப்புறம் வளையல் அளவு பார்ப்பதுபோல் கையைப் பிடித்து, மகன் கம்பெனியிலிருந்து கொண்டுவந்த காந்தத்தை ஒவ்வொரு விரலிலும் வைத்தார். ஒட்டவில்லை. அவர் முகம் மலர்ந்த நேரம் பார்த்து நம் பெண், "துத்தநாகம் காந்தத்துல ஒட்டாதுங்க" என்றாள்.

அதோடு விட்டாளா? விரல் என்பது புரதத்தில் மடிந்திருக்கும் ஒரு துண்டு, துத்தநாகம் அதைக் குலையாமல் பிடித்துக்கொள்ளும், டிஎன்ஏ என்கிற முறுக்கு நூலின் பள்ளத்தில் ஒரு விரல் நுழைந்து ஏறக்குறைய மூன்று எழுத்தைத் தடவிப் பார்க்கும், மூன்று விரல் சேர்ந்தால் ஒன்பது எழுத்து, எழுத்து பொருந்தும் இடத்தில்தான் இறுகி உட்காரும் என்று, தட்டிலிருந்த முறுக்கை வைத்தே பாடம் எடுத்தாள். இதெல்லாம் யார் உடம்பில் என்று கிளியம்மாள் கேட்டார். உங்கள் உடம்பிலும் நூற்றுக்கணக்கில் இருக்கிறது என்றாள். அந்த அம்மாள் இரண்டு கையையும் முந்தானைக்குள் இழுத்துக்கொண்டு எழுந்துவிட்டார்.

ஆட்டோவில் ஏறும்போது என்னிடம் சொன்னார்: "எம்புள்ள பேப்பரக்கூட வெரல வச்சிக்கினுதான் படிப்பான். இதுவும் வெரலால படிக்கிறத பத்தியே பேசுது. வூட்ல ஒருத்தராவது கண்ணால படிக்க வாணாமா?"

அதற்கப்புறம் தகவலே இல்லை. என் வாயால் பெண் வாழ்க்கை கெட்டதே என்று நான் புலம்பினால், அவள் பாட்டுக்கு ரசம் ஊற்றிச் சாப்பிடுகிறாள். நீங்கள் வெள்ளிக்கிழமை கட்டாயம் வந்து, அவள் கம்ப்யூட்டர் வேலைதான் பார்க்கிறாள் என்று கிளியம்மாளைச் சமாதானப்படுத்த வேண்டும். அக்காவுக்கு வணக்கம், பிள்ளைகள் நன்றாக இருக்கட்டும்.

இப்படிக்கு,
தசரதன்

பி.கு.: கவரை ஒட்டும்போது கனகம் சொல்கிறாள்: மஞ்சுளாவும் பையனும் ஒரகடம் பஸ் ஸ்டாப்பில் இரண்டு வருஷப் பழக்கமாம். கிளியம்மாளும் திங்கட்கிழமையே சம்மதித்துவிட்டாராம். ஆவணியில் முகூர்த்தம், மண்டபம் பார்த்துக் கொடுத்ததே நீங்கள்தானாம். ஆகவே வெள்ளிக்கிழமை வரவேண்டாம். எனக்கும் ஒரு பத்திரிகை அனுப்பச் சொல்லவும்.