சொரிமுத்துவுக்குக் கிடைத்த துரிதம்

பூலோகத்தில் மிக வேகமான வஸ்து ஆகாய விமானம் என்று சிலர் நினைக்கிறார்கள். பாவம், அவர்கள் 1936-இல் எங்கள் மாஜிஸ்திரேட் கோர்ட்டைப் பார்த்ததில்லை. நான் அங்கே பெஞ்சு கிளார்க்.

சுரண்டைக் கூலியாள் சொரிமுத்து, மிராசுதார் சுந்தரபாண்டியின் வெள்ளாட்டைத் திருடினான் என்று வழக்கு. ஆடு தன்னுடையது என்றான் அவன். உண்மையை அவசரப்பட்டுத் தீர்மானிப்பது தர்மமாகாது. எனவே அவனைச் சப்ஜெயிலில் வைத்துவிட்டு நான்கு வருஷம் நிதானமாக யோசித்தோம். ஜாமீன் கொடுக்கவும் தயாராகவே இருந்தோம். நிலபுலன் உள்ள ஒருவர் கையெழுத்துப் போட்டால் போதும். அவனுக்குத் தெரிந்து நிலபுலன் உள்ளவர் சுந்தரபாண்டி ஒருவர்தான்.

அந்த நான்கு வருஷமும் வீணாகவில்லை. கோர்ட்டுக் கொல்லையில் வழக்குச் சொத்தாகக் கட்டியிருந்த ஆடு ஏழு குட்டிகள் ஈன்றது. குட்டிகளுக்கும் முறைப்படி நம்பர் கொடுத்தோம்.

ஆனியில் சாரல் விழுந்ததும் கோர்ட், ஆடு உட்பட, குற்றாலத்துக்கு 'முகாம்' போவது வழக்கம். சம்மனில் மட்டும், நாங்கள் பூட்டிவிட்டு வந்த டவுன் கட்டடத்தின் விலாசமே அச்சாகியிருக்கும். அச்சானதைத் திருத்த எங்களுக்கு அதிகாரம் இல்லை. சாட்சிகள் டவுனில் பூட்டைத் தரிசித்துவிட்டுத் திரும்புவார்கள். நாங்கள் அருவிக்கரையில் தலை துவட்டிக்கொண்டே 'சாட்சிகள் ஆஜரில்லை' என்று எழுதுவோம். விவரம் தெரிந்த சாட்சிகள் மாசி மாதத்தில் நேரே குற்றாலம் போனார்கள். அப்போது நாங்கள் டவுனில் இருந்தோம்.

நான்காம் வருஷச் சாரலுக்கு நாங்கள் குற்றாலத்தில் இருந்தபோதுதான் மேல்கோர்ட் உத்தரவு பிறந்தது: பழைய கிரிமினல் வழக்குகளைத் 'துரிதமாக' முடிக்க வேண்டியது. உத்தரவும் டவுன் கட்டடத்துக்கே போய், பத்தொன்பது நாள் பூட்டின் முன் காத்திருந்து, பிறகு தென்காசி பஸ்ஸில் ஏறி எங்களிடம் வந்தது.

மாஜிஸ்திரேட் ஆவுடையப்பன் எண்ணெய் முழுக்கு முடிந்ததும் அவசரக் கூட்டம் கூட்டினார். தாமதம் எங்கே ஒளிந்திருக்கிறது என்று கண்டுபிடித்தால்தான் அதை ஒழிக்க முடியும் என்றார். ஹெட் கிளார்க் ஞானதுரை 'தாமத ரிஜிஸ்தர்' ஒன்று திறக்கலாம் என்றார். அதற்குக் கோடு போட எனக்கு மூன்று வாரம் பிடித்தது. நேர்த்தியான கோடுகள்.

மேல்கோர்ட்டிலிருந்து நினைவூட்டல் வந்தது: பதினாலு நாளில் முடிக்க, தவறினால் விளக்கம் எழுத. விளக்கம் எழுதுவதைவிட நீதி வழங்குவது சுலபம் என்று ஆவுடையப்பன் கண்டுகொண்டார்.

பதினாலாம் நாள் சொரிமுத்துவைக் கூண்டில் ஏற்றினோம். சாட்சிகள் வழக்கம்போல் டவுனில் இருந்தார்கள். அவன் மனைவி தங்கத்தாய் சோற்றுத் தூக்குடன் வாசலில் நின்றாள்.

"ஏல, ஆட்டைக் களவாண்டியா?" என்றார் மாஜிஸ்திரேட்.

"இல்லன்னு சொன்னா என்ன ஆகும் எசமான்?"

"சாட்சிக்கெல்லாம் மறுபடி சம்மன் அனுப்பணும். மேல்கோர்ட்டுக்கு எழுதி வாய்தா கேக்கணும். எப்பம் முடியும்னு சொல்ல முடியாது."

"ஆமான்னு சொன்னா?"

"மூணு மாசம்."

சொரிமுத்து வாசலைப் பார்த்தான். "ஏட்டி, என்ன சொல்லுத?"

தங்கத்தாய் விரல் விட்டு எண்ணிப் பார்த்தாள். "மூணு மாசம்னா கார்த்திகைக்கு வீட்டுக்கு வந்துருவீகள்லா. ஆமான்னு சொல்லிருங்க."

"அப்பம் நாந்தான் களவாண்டேன், எசமான்."

ஏழே நிமிஷம். நிரபராதியாக நான்கு வருஷம் அடைபட்டுக் கிடந்தவன், குற்றவாளியான தயவால் மூன்றே மாதத்தில் வீடு போய்ச் சேர வழி பிறந்தது. மேல்கோர்ட் பாராட்டுக் கடிதமே அனுப்பியது.

தீர்ப்பானதும் ஆட்டைச் சுந்தரபாண்டியின் காரியஸ்தரிடம் ஒப்படைக்க முகாம் கொல்லையிலிருந்து கொண்டுவந்தோம். தங்கத்தாய் தன்னை மறந்து, "ஏ கருப்பாயி" என்றாள். ஆடு காரியஸ்தர் கையிலிருந்த கயிற்றைப் பிடுங்கிக்கொண்டு ஓடிப்போய் அவள் முந்தானைக்குள் முகத்தை நுழைத்தது.

நான் பார்த்தேன். மாஜிஸ்திரேட்டும் பார்த்தார். அந்த வழக்கில் சாட்சி ஒருவர் ஆஜரானது அதுதான் முதல் தடவை. ஆனால் பதிந்துகொள்ள முடியவில்லை. நாங்கள் துரிதமாக முடித்துவிட்டிருந்தோம்.