ஊறுகாய் ஜாடியும் ஒன்பதாவது இன்னிங்ஸும்

இனி ஜென்மத்துக்கும் பேஸ்பால் கேட்பதில்லை என்று வெண்டல் க்ரூகர் சத்தியம் செய்தார். ஆஸ்பத்திரிக் கட்டிலில், கையில் ஊசிக் குழாயோடு, மனைவி டோரீன் முன்னால் செய்த சத்தியம். மருந்து மயக்கத்தில் செய்த சத்தியம் செல்லுமா என்று அப்போது அவருக்குத் தோன்றவில்லை. பனிக்காலம் முழுக்க உட்கார்ந்து அதைத்தான் யோசித்தார். ஏப்ரலில் முதல் ஆட்டம் தொடங்கிய அன்று, செல்லாது என்று தானே தீர்ப்பும் சொல்லிக்கொண்டார்.

எல்லாம் போன செப்டம்பரில் வந்த வினை. அவர் ஊரான ஷெபாய்கனில் ஞாயிற்றுக்கிழமை மதியம் ஆண்பிள்ளைகள் எதைச் செய்வார்களோ அதைத்தான் வெண்டலும் செய்துகொண்டிருந்தார். கொல்லையில் கரி அடுப்பு, அதன்மேல் சாசேஜ், பக்கத்தில் ரேடியோ. சீசனின் கடைசி ஆட்டம். ஒரே ஒரு அவுட் பாக்கி. எதிரணிக்காரன் அடித்த பந்து வானத்தில் எழும்பி, வலது கோடியில் நின்ற நம் ஆளின் கையுறைக்குள் போய் உட்கார்ந்தது. உட்கார்ந்த பந்து எழுந்து வெளியே போய்விட்டது. சீசனும் போயிற்று. வெண்டல் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு புல்லில் உட்கார்ந்தார். சாசேஜ் கரியாகிவிட்டது.

ரத்தக் குழாயில் ஸ்டென்ட் வைத்த டாக்டரம்மா சிரித்த முகம் மாறாமல் சொன்னாள்: "உப்பு வேண்டாம். பீர் வேண்டாம். சாசேஜ் வேண்டவே வேண்டாம். அந்த ஆட்டத்தையும் விட்டுட்டா நல்லது. இன்னொரு தடவை இப்படி வந்தா நெஞ்சைத் திறக்க வேண்டியிருக்கும்."

அன்றைக்கே டோரீன் வேலையைத் தொடங்கிவிட்டாள். டிவியில் விளையாட்டுச் சேனல்கள் போயின. கராஜிலிருந்த பழைய ரேடியோவைக் காணோம். கேட்டால், "சர்ச்சுல பழைய சாமான் விக்கறாங்களே, அதுக்குக் குடுத்துட்டேன்" என்றாள். வெண்டல் சாசேஜுக்காக அழவில்லை. பீருக்காகவும் அழவில்லை. அந்த ரேடியோவுக்காக மட்டும் கராஜுக்குப் போய், கதவைச் சாத்திக்கொண்டு, கொஞ்ச நேரம் மூக்கைச் சிந்தினார்.

கடவுள் கைவிடவில்லை, ஏப்ரலில் வேலிக்கு அந்தப் பக்கத்திலிருந்து அடுத்த வீட்டு வெர்னை அனுப்பினார். வெர்ன் ஒரு கையில் டோரீன் செய்த ஆப்பிள் பை துண்டோடு வந்து, மறுகையை நீட்டினார்.

"உன் போனைக் குடு."

"எதுக்கு? அதுல பேரப்பிள்ளைங்க படம்தான் இருக்கு."

"ஆட்டமும் வரும்யா, அப்படியே நேரடியா! இந்தக் குமிழைக் காதுல சொருகிக்கோ. தொப்பியை இழுத்து விட்டுக்கோ. தீர்ந்துது."

"டோரீனுக்குத் தெரிஞ்சா?"

"தெரிஞ்சா என்ன, உனக்கு ரெண்டாவது ஆபரேஷன் வீட்டிலேயே நடந்துடும்."

அன்று முதல் வெண்டலின் வலது காது அணிக்கு, இடது காது டோரீனுக்கு. சாப்பாட்டு மேஜையில் நாற்காலியை இடம் மாற்றிப் போட்டார். சர்ச்சில் பெஞ்சின் வலது ஓரத்தைப் பிடித்துக்கொண்டார். வீட்டிலிருக்கும் ஆட்ட நாட்களில் புல் வெட்டும் யந்திரத்தில் ஏறி உட்கார்ந்துவிட்டால் கேட்பாரில்லை. சத்தத்துக்காகக் காதுறை, காதுறைக்குள்ளே குமிழ், குமிழுக்குள்ளே ஆட்டம். ஜூன் மாதத்துக்குள் அவர் வீட்டுப் புல் தரையோடு தரையாகிவிட்டது. அப்புறமும் வெட்டினார். மண் பறந்தது.

"எவ்வளவு பொறுப்பா ஆயிட்டே, வெண்டல்!" என்று டோரீன் சமையலறை ஜன்னலிலிருந்து பாராட்டினாள். மனைவி காதில் பூச்சுற்றியாகிவிட்டது என்று அவர் தன் காதைத் தடவிப் பார்த்துக்கொண்டார்.

ஒரே ஒரு தொல்லை இருந்தது. ஆட்டம் சூடுபிடிக்கும் நேரமாகப் பார்த்து டோரீன் கூப்பிடுவாள்.

"வெண்டல்! பேஸ்மென்டுல போய் ஒரு வெள்ளரி ஊறுகாய் ஜாடி எடுத்துட்டு வா!"

"இப்பவேவா?"

"இல்ல, அடுத்த கிறிஸ்துமஸுக்கு. இப்பத்தான்!"

"யந்திரத்தை நிறுத்தணுமே..."

"நிறுத்து. அதுக்கும் கொஞ்சம் மூச்சு வாங்கட்டும்."

வீட்டுக்கு அடியிலிருந்த பேஸ்மென்டில் சிக்னல் கிடையாது. படியில் கால் வைத்ததும் காதில் மௌனம். அவர் ஜாடியைத் தேடி, தூசி தட்டி, மேலே கொண்டுவந்து மேஜையில் வைத்துவிட்டு வாசலுக்கு ஓடினால், அதற்குள் குடி முழுகியிருக்கும். எதிரணிக்காரன் பந்தை அரங்கத்துக்கு வெளியே அனுப்பியிருப்பான். வர்ணனையாளர் எல்லாம் அழுது முடித்து, தக்காளிச் சாஸ் விளம்பரம் படித்துக்கொண்டிருப்பார். ஆறிப்போன துக்கம்தான் வெண்டலுக்கு மிஞ்சும்.

ஆகஸ்டில் டாக்டரம்மா பட்டையைக் கட்டி ரத்த அழுத்தம் பார்த்தாள். இன்னொரு முறையும் பார்த்தாள். "அருமை! இப்படியே போனா நெஞ்சைத் திறக்கற பேச்சே இல்ல. பாத்தீங்களா, ஆட்டம் கேக்கறதை விட்டதும் எப்படி ஆயிடுச்சுன்னு!" வெண்டல் தலையைக் குனிந்து நல்ல பிள்ளையாகச் சிரித்தார். மனைவி ஏமாந்தாள், இப்போது மருத்துவமும் ஏமாந்தது. டோரீனும் ஏனோ தலையைக் குனிந்துகொண்டுதான் சிரித்தாள்.

செப்டம்பர் வந்தது. அணி மறுபடியும் அதே விளிம்பில் நின்றது. கடைசி ஞாயிற்றுக்கிழமை ஆட்டத்தில் ஜெயித்தால் அடுத்த சுற்று. தோற்றால் போன வருஷக் கதைதான். வெண்டல் வேலியோரம் வெர்னைப் பிடித்தார்.

"வெர்ன், நான் ஒண்ணு கண்டுபிடிச்சிருக்கேன். யார்கிட்டயும் சொல்லாதே. டோரீன் எப்பல்லாம் கூப்பிடறாளோ அப்பல்லாம் நமக்கு அடி விழுது."

வெர்ன் ஆப்பிள் பை மெல்லுவதை நிறுத்தினார். மே மாதத்திலிருந்து ஒரே ஜோடி காலுறையைத் துவைக்காமல் போட்டுக்கொண்டு அணியைக் காப்பாற்றி வருகிறவர் அவர். இந்த மாதிரி விஷயங்களில் விளையாட மாட்டார்.

"நிஜமாவா?"

"ஒரு தடவைகூடத் தப்பல. ஊறுகாய்னு வாயைத் திறக்கறா, அங்க பந்து பறக்குது."

"அப்ப இந்த ஊரே தலையில அடிச்சுக்கறதுக்குக் காரணம் உன் பொண்டாட்டியா?"

"மெதுவாப் பேசுய்யா!"

"ஞாயித்துக்கிழமை அவ வாய் திறக்கக் கூடாது. ஊரை விட்டே அனுப்பு."

சனிக்கிழமை காலை வெண்டல் தேன் தடவிய குரலில் ஆரம்பித்தார். "டோரீன், உன் தங்கச்சி மார்லிஸைப் பாத்து எவ்வளவு நாளாச்சு, பாவம்."

டோரீன் தட்டைத் துடைப்பதை நிறுத்தினாள். "பாவமா? போன மாசம் அவளை 'வாய் முளைச்ச சைரன்'னு சொன்னியே?"

"பாசத்துல சொன்னது. நாளைக்கு மதியம் ஒரு நடை போய்ட்டு வாயேன். காரை எடுத்துக்கோ. நிதானமா இருந்துட்டு வா."

"நீ தனியா என்ன பண்ணுவே?"

"புல்லு வெட்டுவேன்."

டோரீன் ஜன்னல் வழியே கொல்லையைப் பார்த்தாள். அங்கே புல் என்று சொல்லத்தக்கதாக எதுவும் இல்லை. "சரி, போறேன்" என்றாள். இவ்வளவு சுலபமாக ஒரு காரியம் முடிந்தால் சந்தேகப்பட வேண்டும் என்பது கல்யாணமான ஆணுக்குத் தெரிந்திருக்க வேண்டும். சந்தோஷத்தில் வெண்டலுக்குத் தெரியவில்லை.

ஞாயிற்றுக்கிழமை கார் தெருமுனை திரும்பியதும் கராஜுக்குள் மடக்கு நாற்காலியைப் போட்டார். காதில் குமிழ் இல்லை, தலையில் தொப்பி இல்லை. போனைப் பட்டறை மேஜைமேல் நிறுத்தி முழுச் சத்தத்தில் வைத்தார். கூப்பிட ஆளில்லை. ராஜா மாதிரி ஆட்டம் கேட்டார்.

எட்டு இன்னிங்ஸ்வரை ராஜாதான். ஒன்பதாவதில் நாற்காலி முள்ளாயிற்று. ஒரே ரன் முன்னிலை. ரெண்டு பேரை அவுட்டாக்கிவிட்டு, பந்து வீசும் நம் ஸ்ட்ரூபலுக்குத் திடீரென்று குறி தப்பியது. ஒருத்தனை முதல் பேஸுக்குச் சும்மா நடக்க விட்டான். இன்னொருத்தனை நடக்க விட்டான். மூன்றாமவன் விலாவிலேயே பந்தைப் போட்டான். மூன்று பேஸிலும் எதிரணி ஆள். ஒரே ஒரு அவுட் பாக்கி. அதே ஒரே ஒரு அவுட்.

வெண்டல் எழுந்து நின்றுவிட்டார். நெஞ்சு போன வருஷம் மாதிரியே அடித்துக்கொண்டது. கையை நெஞ்சில் வைத்துப் பார்த்து, பயந்துபோனார். நிஜமாகவே பயந்துபோனார். போனை அணைத்துவிடலாம், ஆனால் விரல் போகவில்லை. இந்த ஆறு மாதத்தில் முதல் முறையாக, டோரீன் கூப்பிட மாட்டாளா என்று இருந்தது. ஊறுகாய் ஜாடி கேட்க மாட்டாளா? இரண்டு ஜாடிகூட எடுத்துவரலாமே!

போன் அடித்தது. வர்ணனை நின்றது.

"வெண்டல், அந்த நீல மூடிப் பாத்திரத்தை எங்க வெச்சே?"

கூப்பிட மாட்டாளா என்று ஏங்கியவர்தான் கத்தினார். "டோரீன்! இப்பவா? அடுப்புக்குப் பக்கத்துல!"

"எந்த அடுப்பு?"

"நம்ம வீட்ல எத்தனை அடுப்பு இருக்கு!"

"கத்தாதே. என்ன பண்ணிட்டிருக்கே?"

"புல்லு வெட்டிட்டிருக்கேன்."

"எந்தப் புல்லை?"

வெண்டல் புல் வெட்டும் யந்திரத்தைத் திரும்பிப் பார்த்தார்.

"நிக்கறியா, உக்காந்திருக்கியா?"

"நிக்கறேன்."

"உக்காரு."

உட்கார்ந்தார்.

"மூச்சை நல்லா இழுத்து விடு. இன்னொரு தடவை. ஆங். இப்ப கேட்டுக்கோ. நாம ஜெயிச்சாச்சு."

"என்னது? இன்னும் ஆட்டமே முடியலயே!"

நாக்கைக் கடித்துக்கொண்டார். பிரயோஜனமில்லை.

"முடிஞ்சாச்சு, வெண்டல். உன் போனுக்குத்தான் இன்னும் சேதி போய்ச் சேரல. போன்ல வர்றது ஊரெல்லாம் சுத்திட்டு ஒரு நிமிஷம் பிந்தித்தான் வரும். ரேடியோல நேரா வந்துடும்."

"எந்த ரேடியோ? சர்ச்சுக்குக் குடுத்துட்டேன்னியே!"

"ரொட்டிப் பெட்டிக்குள்ள இருக்கு. இன்னிக்கு மட்டும் கார் ரேடியோ."

வெண்டலுக்குக் கோடைக்காலம் முழுவதும் கண்முன்னே ஓடியது. ஜன்னலில் டோரீன். அவள் பக்கத்தில் ரொட்டிப் பெட்டி. அடி விழும் சேதி அவளுக்கு ஒரு நிமிஷம் முன்னாலேயே வந்துகொண்டிருந்தது.

"அப்ப அந்த ஊறுகாய்..."

"உனக்கு உப்பு ஆகாதுன்னு டாக்டர் சொல்லி வருஷமாகப் போகுது. எனக்கு ஊறுகாய் பிடிக்கவே பிடிக்காது. அத்தனை ஜாடி எதுக்குன்னு ஒரு நாளாவது கேட்டியா?"

கேட்கவில்லை. சமையலறை மேஜை, அலமாரி, ஃப்ரிட்ஜின் தலை, எங்கும் ஜாடிகள் வரிசையாக நின்றுகொண்டிருக்கின்றன. ஒன்றைக்கூட யாரும் திறக்கவில்லை.

"இப்ப போனை வை. மிச்சத்தை நிதானமாக் கேளு. பந்து ரொம்ப உயரமாப் போகும், நம்ம ஆளு கையிலேருந்து ஒரு தடவை துள்ளும். பதறாதே. பிடிச்சுடறான்."

வர்ணனை விட்ட இடத்திலிருந்து தொடர்ந்தது. எதிரணிக்காரன் ஓங்கி அடித்தான். வர்ணனையாளரின் குரல் கிழிந்தது. பந்து எழும்பியது. வலது கோடி. கையுறை. துள்ளியது! ஷெபாய்கன் முழுக்க நெஞ்சைப் பிடித்துக்கொண்டு கேட்ட அந்தத் துள்ளலை, வெண்டல் ஒருவர்தான் மடக்கு நாற்காலியில் காலை நீட்டிக்கொண்டு, ஐஸ்கிரீம் சாப்பிடுகிறவர் போல உட்கார்ந்து கேட்டார். பிடித்துவிட்டான். அடுத்த வீட்டில் வெர்ன் இன்னும் ஊளையிட்டுக்கொண்டிருந்தார். வெண்டலுக்கு நெஞ்சில் பால் வார்த்தது போல இருந்தது. கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

கராஜ் கதவு மேலே போனது. வாசலில் டோரீன், கையில் கார்ச் சாவியோடு.

"இவ்வளவு சீக்கிரமா? மார்லிஸ் வீட்டுக்குப் போகலயா?"

"வெர்ன் வீட்டு மரத்துக்குப் பின்னாடி நிறுத்திட்டு உக்காந்திருந்தேன். உன்னைத் தனியா விட்டுட்டு எங்க போறது? கதவுக்கு இந்தப் பக்கம் ஏதாவது சத்தம் கேக்குதான்னு ரேடியோவைக் கம்மி பண்ணிக் கம்மி பண்ணிக் கேட்டேன்." அவள் குரல் சற்றே பிசிறியது. உடனே சரிசெய்துகொண்டாள்.

வெண்டல் எழுந்துபோய் அவள் தோளில் கை போட்டார். "நீ நேராவே சொல்லியிருக்கலாமே, கேளுன்னு."

"சொல்லியிருந்தா மூணு பேஸிலும் ஆள் நிக்கறப்ப பேஸ்மென்டுக்கு இறங்கியிருப்பியா? திருட்டுத்தனமா கேக்கறவன்தான் கூப்பிட்ட குரலுக்கு ஓடி வருவான்."

அது நியாயமாகத்தான் பட்டது. இருந்தாலும் ஆண்பிள்ளைக்கு ஏதாவது ஒன்று மிஞ்ச வேண்டுமே. "எப்படியோ, போன்ல கேக்கறதைக் கண்டுபிடிச்சது நானும் வெர்னும்தான்" என்றார்.

"வெர்னா? அவருக்குப் போன்ல மணி பாக்கவே தெரியாது. நான் ரெண்டு நாள் உக்காத்தி வெச்சுச் சொல்லிக் குடுத்து அனுப்பினேன். வாரம் ஒரு ஆப்பிள் பை கூலி."

வெண்டல் மறுபடியும் நாற்காலியில் உட்கார்ந்தார். இந்த முறை யாரும் சொல்ல வேண்டியிருக்கவில்லை.

"உக்காராதே, எழுந்திரு" என்றாள் டோரீன். "செவ்வாய்க்கிழமை அடுத்த சுற்று ஆரம்பிக்குது. அந்த ஊறுகாய் ஜாடியெல்லாம் திரும்பக் கொண்டுபோய்ப் பேஸ்மென்டுல அடுக்கு."