குவாரன்டீன் சாரும் ஒரு நிக்காஹ் பத்திரிகையும்

காரைக்காலில் கடலை நம்பிப் படகேறுகிறவர்கள் ஏராளம். ஆனால் அடுத்தவர் பென் டிரைவைக் கடைசிவரை நம்பாமலே வாழ்ந்த ஒரே மனிதர் எங்கள் குவாரன்டீன் சார்தான்.

நான் டைப் அடித்துக்கொண்டிருந்த அச்சகத்தில் அவர் டிசைனர். கம்ப்யூட்டரிலேயே இருக்கும் ஆன்டிவைரஸ், சந்தேகப்பட்ட ஃபைலைப் பிடித்துத் தனியே அடைத்து வைக்குமே, அதற்குப் பெயர் குவாரன்டீன். சார் அதை லட்டுக்கும் அமல்படுத்தினார். யார் கொடுத்தாலும் மேஜை ஓரம் வைப்பார். நான் தின்றுவிட்டு உயிரோடிருந்தால்தான் தொடுவார்.

முதலாளிக்கோ வேகம் வேண்டும். ஒருநாள், ஆன்டிவைரஸுக்கு 'இதைச் சோதிக்காதே' என்று, எங்கள் வேலையெல்லாம் இருக்கும் டி டிரைவ் முழுவதற்கும் விலக்குக் கொடுத்துவிட்டார். சார் அலறினார்.

"கதவு கிறீச்சுன்னு சத்தம் போட்டா எண்ணெய் விடுவாங்க. நீங்க கதவையே கழட்டிட்டீங்களே!"

"மெதுவா ஓடுது சார்!"

"நம்ம ஃபேனும்தான் மெதுவா ஓடுது. கழட்டிட்டீங்களா?"

விலக்கு அன்றே ரத்தானது.

அப்புறம்தான் திருமலைராயன்பட்டினத்திலிருந்து ரஹீமா வந்தாள். தன் நிக்காஹ் பத்திரிகைக்குத் தானே ராப்பகலாகப் பூவேலை வரைந்து, பென் டிரைவில் கொண்டுவந்திருந்தாள். மாப்பிள்ளைக்கு துபாயில் கிடைத்தது சின்ன லீவு. அன்றே அச்சேற வேண்டும்.

பத்திரிகை வாசகத்தை நான் டைப் அடிக்க உட்கார்ந்தால் தமிழே வரவில்லை. எங்கள் பழைய தமிழ் டைப்பிங் மென்பொருளை ஆன்டிவைரஸ் உள்ளே தள்ளியிருந்தது. அது நாம் தட்டும் ஒவ்வொரு எழுத்தையும் கவனிக்கிறதாம், உளவாளியாம்!

"அந்த ஆன்டிவைரஸை ஆஃப் பண்ணித் தொலைங்க சார்!" என்றார் முதலாளி.

"மாட்டேங்க."

சார் அசையவில்லை. மென்பொருளைத் தயாரித்தவர்களின் தளத்திலிருந்து புதிதாக ஒன்றை இறக்கி, இரண்டும் ஒன்றுதானா என்று ஒப்பிட்டார். முதலாளி நகம் கடித்தார். கடைசியில் சார் அந்த ஒரே ஒரு ஃபைலை மட்டும் விடுதலை செய்து, அதற்கு மட்டும் விலக்குக் கொடுத்தார். திரையில் 'அன்புடையீர்' வந்தது.

அடுத்து ரஹீமாவின் பென் டிரைவைச் செருகினார். உடனே எச்சரிக்கை! இது நிஜ வைரஸ். ஆஃப் பண்ணியிருந்தால் அச்சகத்து வேலை மொத்தமும் அதற்கு இரையாகியிருக்கும். ஆன்டிவைரஸ் அதை அழித்த பிறகு பார்த்தால், பென் டிரைவ் காலி.

"யா அல்லாஹ்! வேற காப்பிகூட இல்லைங்களே," என்று ரஹீமா அழுதேவிட்டாள்.

"அழாதம்மா. படம் எங்கயும் போவல. வைரஸ் ஒளிச்சு வச்சிருக்கு, அவ்வளவுதான்."

மறைந்திருக்கும் ஃபைல்களைக் காட்டும்படி ஏதோ ஒரு கட்டத்தில் டிக் அடித்தார். பூவும் கொடியுமாக அவள் வரைந்தது அத்தனையும் திரையில் விரிந்தது. அடியில் மாப்பிள்ளை பெயரும் அவள் பெயரும்.

"அல்ஹம்துலில்லாஹ்! மாமா, நீங்க அவசியம் நிக்காஹுக்கு வரணும்," என்றாள் அவள், கண்ணைத் துடைத்துக்கொண்டே.

அவரை யாரும் உறவு சொல்லிக் கூப்பிட்டு நான் கேட்டதில்லை. 'மாமா' என்றதும் சார் சட்டென்று திரும்பி மானிட்டரைத் துடைக்க ஆரம்பித்தார். துடைக்க அதில் ஒரு பொட்டுத் தூசியில்லை. நான் பேப்பர் எடுக்கிற சாக்கில் உள்ளே போனேன். அந்த மனிதர் நிதானமாகத் துடைத்து முடிக்கட்டும் என்று.