கட் சொன்ன பிறகு

"மாமா! கேமராவைத் தொடாதீங்க!"

"ஒரே தூசி மாப்பிள்ளை. துடைச்சா தேய்ஞ்சா போயிடும்?" துணியை உதறிவிட்டு மாமனார் நாற்காலியில் சாய்ந்தார்.

ஃபோகஸ் ஓடிவந்து கேமராவுக்கும் மாமனாருக்கும் நடுவே நின்றான். ஆவணப்பட வட்டாரத்தில் அவனுக்கு 'ஃபோகஸ்' என்றுதான் பெயர். யார் யார் படத்திலோ இரண்டாவது கேமராவாகவே காலம் தள்ளியவனுக்கு இன்றுதான் விடிவு. யாருக்கும் பேட்டி தராத ஓவியர், அவன் வீட்டுக்கே வந்து பேசுவதாக இறங்கி வந்திருந்தார். பேட்டி நன்றாக வந்தால் முழுப் படமும் அவனுக்குத்தான் என்று இயக்குநர் வாக்குக் கொடுத்திருந்தார். சொதப்பினால் பழையபடி இரண்டாவது கேமராதான்.

பதிவாகும்போது எரியும் சிவப்பு விளக்கைக் கண்டால் ஓவியர் மிரள்வார் என்று அதன்மேல் கறுப்பு டேப் ஒட்டியிருந்தான். காட்சியை மறைக்கிறதென்று கேமராத் திரையில் பதிவைக் காட்டும் எழுத்துகளையும் அணைத்திருந்தான். கலைஞன் அல்லவா!

ஓவியர் வந்து உட்கார்ந்தார். பொத்தானை அழுத்தினான்.

"உங்க முதல் ஓவியத்தைப் பத்திச் சொல்லுங்க சார்."

"வரைஞ்சேன்."

அந்த ஒற்றைச் சொல்லையும் ஃபிரிட்ஜின் உறுமல் விழுங்கியது. "கட்!" பொத்தானை அழுத்திவிட்டு ஓடிப்போய் ஃபிரிட்ஜை அணைத்தான். மறுபடி போட மறக்கக்கூடாதே, சாவியை எடுக்கும்போது ஞாபகம் வரும் என்று தொழில் வழக்கப்படி கார் சாவியை அதற்குள் வைத்தான்.

ஃபிரிட்ஜ் அடங்கியதும் சுவர்க் கடிகாரம் கேட்க ஆரம்பித்தது. "கட்!" பேட்டரியைப் பிடுங்கப் போய்க் கடிகாரமே கீழே விழுந்து நொறுங்கியது. கண்ணாடித் துண்டுகளைக் கூட்டிக்கொண்டிருந்தவன் காதில் மாமனாரின் குரல் விழுந்தது.

"அப்புறம் அந்தப் பொண்ணு என்ன சொல்லுச்சு?"

"மாமா, அவரைத் தொந்தரவு பண்ணாதீங்க!"

இப்படியே இரண்டு மணி நேரம் போனது; மறுபடி பொத்தான், மறுபடி கேள்வி. ஓவியர் வாயைத் திறக்கவும், மனைவி அலமாரியிலிருந்ததையெல்லாம் கவிழ்க்கவும் சரியாக இருந்தது.

"என்னங்க, கார் சாவி எங்க?"

"கட்! ஃபிரிட்ஜுக்குள்ள!"

"ஃபிரிட்ஜுக்குள்ளயா? புத்தி கித்தி பெசகிடுச்சா உங்களுக்கு?" ஃபிரிட்ஜைத் திறந்தவள் அலறினாள். உருகிய ஐஸ் தண்ணீர் சமையலறையெல்லாம் ஓடியது.

துடைத்துவிட்டு வந்தபோது மாமனாரும் ஓவியரும் தலையோடு தலை முட்டச் சிரித்துக்கொண்டிருந்தார்கள். கேமரா பக்கம் அவன் போனதும் ஓவியர் வாயைப் பூட்டிக்கொண்டார். இன்னும் இரண்டு முறை "ம்" சொல்லிவிட்டு, மாமனாரிடம் மட்டும் விடைபெற்றுக் கிளம்பினார்.

ஃபோகஸுக்கு அழுகையே வந்துவிட்டது.

மறுநாள் எடிட்டர் பெண் போன் செய்தாள். "சார், நீங்க கேட்ட கேள்வி ஒண்ணுகூடப் பதிவாகல. நீங்க 'கட்'டுன்னு கத்தினதும்தான் படமே ஓட ஆரம்பிக்குது. முதல்ல ஒரு துணி வந்து கேமராவைத் துடைக்குது, அதுவே பொத்தானை அமுக்கிடுச்சு போல, அங்கேயிருந்தே எல்லாம் தலைகீழ்."

"அப்போ எல்லாம் போச்சா?"

"எங்க போச்சு? முதல் ஓவியம், முதல் காதல்னு உங்க மாமனார்கிட்ட மனுஷன் கொட்டித் தீர்த்திருக்காரே! இயக்குநர் ரெண்டு தடவை பார்த்துட்டாரு. முழுப் படத்துக்கும் நீங்கதானாம்."

"நிஜமாவா?"

"நிஜமாத்தான் சார். ஆனா முதல்ல உங்க மாமனாரோட கால்ஷீட் வேணுமாம்."